அரைமண்டியில் ஒரு வாதம்

பரதநாட்டிய வகுப்பில் முதல் பாடம் முட்டியை விரிப்பது. குதிகால்கள் ஒட்டியிருக்க வேண்டும், பாதங்கள் பக்கவாட்டில் திரும்ப வேண்டும், முட்டிகள் வெளிப்பக்கம் மடிய வேண்டும், இடுப்பு நேர்க்கோட்டில் கீழே இறங்க வேண்டும். இதுதான் அரைமண்டி. ஏழு வயதுப் பிள்ளைக்கு இது விளையாட்டு. பதின்மூன்று வயதுப் பெண்ணுக்குச் சங்கடம். வீட்டில் பாட்டியும் அம்மாவும் அவளிடம் ஓயாமல் சொல்வது, "காலைச் சேர்த்து உட்காருடி." வகுப்புக்கு வந்தால் நான் சொல்வது, "இன்னும் விரி, இன்னும் இறங்கு." ஒரே உடலுக்கு ஒரே நாளில் இரண்டு உத்தரவு. தென்சென்னையில் ஒரு மொட்டைமாடிக் கொட்டகையில் நெடுங்காலமாக வகுப்பு நடத்துகிறேன். பெண்ணியம் எனக்குப் புரியத் தொடங்கியது இந்த இரண்டு உத்தரவுகளுக்கும் நடுவில் முழித்துக்கொண்டு நின்ற பிள்ளைகளைப் பார்த்துத்தான். புத்தகங்கள் பிறகு வந்தன.

பெண் கலைஞர்கள் உடலால் பேசுகிறார்கள் என்றவுடன் பலருக்கு நினைவுக்கு வருவது மேடையில் ஆடை களைவதும் பார்ப்பவர்களை அதிரவைப்பதும்தான். அதற்கும் ஓர் இடம் உண்டு. அதைப் பிறகு சொல்கிறேன். எங்கள் தொழிலில் அந்தப் பேச்சு பெரும்பாலும் சத்தமில்லாத இடங்களில் நடக்கிறது. முதுகெலும்பு எப்படி நிற்கிறது, தொடை யாருக்காகத் திறக்கிறது, மூச்சை எங்கே அடக்குகிறோம், கண் யாரைப் பார்த்துச் சிரிக்கிறது என்பதில்தான் அது இருக்கிறது. கதையை மாற்றிவிட்டால் நடனம் மாறிவிடும் என்று நம்புகிறவர்களோடு எனக்கு நீண்ட நாள் வழக்கு. ஆடுகிற உடல் மாறாமல் கதை மட்டும் மாறினால் பாதி வேலைகூட ஆகாது என்பது என் கட்சி.

எனக்குக் கற்றுக்கொடுத்தவர் நட்டுவனார் குடும்பத்துப் பெரியவர். வாத்தியார் என்றுதான் கூப்பிடுவோம். தரையில் சம்மணமிட்டு உட்கார்ந்து, தட்டுமனையில் தட்டுக்கழியால் தாளம் தட்டிக்கொண்டே எங்கள் முட்டிகளைப் பார்ப்பார். முகத்தைப் பார்க்க மாட்டார். முட்டி வலிக்கிறது என்றால், "மண்டி போதலை, அதான்" என்பார். பிற்பாடு எலும்பு, மூட்டு பற்றிக் கொஞ்சம் படித்தபோது அவர் சொன்னதன் காரணம் விளங்கியது. பாதம் திரும்புவது இடுப்பு மூட்டிலிருந்து வர வேண்டும். இடுப்பு திறக்காமல் முட்டியையும் கணுக்காலையும் முறுக்கிப் பாதத்தைத் திருப்பினால், சிமென்ட் தரையில் வெறுங்காலோடு ஓங்கி வைக்கும் ஒவ்வொரு தட்டும் முட்டியில் போய் இறங்கும். இடுப்பைத் திறக்கக் கூச்சப்படுகிற பெண்தான் முட்டியை முறுக்குகிறாள். வகுப்புக்கு வந்து முட்டி வலியோடு போகிற பெண்களில் பலருக்கு நோயின் வேர் இந்தக் கூச்சத்தில் இருக்கிறது.

அடவுகள் என்கிற அடிப்படை அசைவுகளோடு சேர்த்து, யாரும் பாடமாகச் சொல்லாத வேறு சிலவற்றையும் உடல் கற்றுக்கொள்கிறது. வயிற்றை உள்ளிழுத்தே வைத்திரு. அரங்கேற்றத்துக்கு முன் இளைத்துவிடு. எவ்வளவு மூச்சு வாங்கினாலும் சிரிப்பை விடாதே. மேக்கப் போடுபவர் கறுத்த பெண்ணின் முகத்தில் அவள் நிறத்தைவிட இரண்டு படி வெளுத்த பான்கேக்கைப் பூசுவார். மேடை விளக்கில் முகம் ஒரு நிறம், கை வேறு நிறம். "லைட்டுக்கு அப்படித்தாம்மா தேவை" என்பார். அதே விளக்கின்கீழ் மிருதங்கம் வாசிக்கும் கறுத்த ஆணுக்கு ஒரு பூச்சும் தேவைப்பட்டதில்லை. தையற்காரர் இரண்டு காலுக்கும் நடுவே விசிறி மடிப்பை வைத்துத் தைப்பார். அரைமண்டியில் அது விரியும்போது பட்டின் அழகு தெரியும், தொடையின் வேலை மறைந்துவிடும்.

பிறகு வர்ணம். கச்சேரியின் நடுத்தூண் அது. அரைமணி நேரத்துக்குக் குறையாது. தஞ்சை நால்வரின் பைரவி ராக வர்ணமான 'மோகமான' என்பதை எடுத்துக்கொள்ளுங்கள். தலைவி தன் மோகத்தை இறைவனிடம் முறையிடுகிறாள். ஜதி என்கிற தாளச் சொற்கள் வரும்போது உடல் இரும்பாக இருக்க வேண்டும். சாகித்தியம், அதாவது பாட்டின் வரிகள், வரும்போது அதே உடல் குழைய வேண்டும். ஆட்டக்காரியின் திறம் முழுவதும் இதில் தெரிந்துவிடும். இளம் வயதில் எனக்கு வர்ணம் பிடித்திருந்தது, இப்போதும் பிடிக்கிறது. ஆனால் ஒரு கட்டத்தில் கேள்வி எழுந்தது: எத்தனை வர்ணம் ஆடினாலும் காத்திருப்பவள் நான்தானா?

இந்தக் கேள்வி எனக்கு மட்டும் வரவில்லை. எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் நடனக்காரிகள் பலர் தலைவியை மாற்றினார்கள். சீதை இராமனைக் கேள்வி கேட்டாள். அகலிகை கல்லாக மறுத்தாள். பாஞ்சாலி கூந்தலை முடிக்காமல் சபையை எரித்தாள். மல்லிகா சாராபாய் 1989-இல் 'சக்தி' என்ற நிகழ்ச்சியில் புராணப் பெண்களையும் வரலாற்றுப் பெண்களையும் ஒருசேர மேடைக்குக் கொண்டுவந்தார். சென்னையில் அ. மங்கை தொண்ணூறுகளில் பெண் சிசுக் கொலையைப் பற்றி 'பச்ச மண்ணு' நாடகத்தை ஊர் ஊராகக் கொண்டுபோனார். இவையெல்லாம் வேண்டிய வேலைகள். மங்கையின் நடிகைகள் நாற்று நடுகிற, பிள்ளை பெறுகிற உடலோடு மேடைக்கு வந்தார்கள். பரதநாட்டிய மேடையிலோ வேறு விதமாக நடந்தது. சீதை கேட்கும் கேள்வி புதிது. அதைக் கேட்கும் இடுப்பு வளைவும் புருவ நெளிப்பும் பழையது. கோபத்தைக்கூட அழகாகக் காட்ட வேண்டியிருந்தது. பாஞ்சாலி சபதம் போட்டு முடித்ததும் முன்வரிசையிலிருந்து, "ரொம்ப லட்சணமா இருந்தது" என்று பாராட்டு வந்தது.

இந்த முடிச்சை அவிழ்த்தவர் சந்திரலேகா.

1928-இல் மகாராஷ்டிரத்தின் வாடா என்ற ஊரில் பிறந்தவர். சட்டப் படிப்பை விட்டுவிட்டுச் சென்னைக்கு வந்து காஞ்சிபுரம் எல்லப்ப பிள்ளையிடம் ஆடக் கற்றார். 1952-இல் நடந்த அவருடைய அரங்கேற்றம் ராயலசீமா வறட்சி நிவாரணத்துக்கு நிதி திரட்டுவதற்காக. அன்று 'மதுரா நகரிலோ' என்ற பாடலுக்கு ஆடுகிறார். யமுனையில் நீர் தளும்புகிறது, பெண்கள் நீரை வாரி இறைத்து விளையாடுகிறார்கள். அபிநயத்தின் நடுவில், வெடித்துக் கிடக்கும் ராயலசீமாவின் நிலம் அவர் கண்முன் வந்ததாகப் பின்னாளில் சொல்லியிருக்கிறார். கைகள் காட்டும் தண்ணீருக்கும் வெளியே இல்லாத தண்ணீருக்கும் நடுவில் அந்த உடல் மாட்டிக்கொண்டது. அதற்குப் பிறகு சில ஆண்டுகள் ஆடினார், பிறகு மேடையைவிட்டு விலகினார். எழுதினார், சுவரொட்டிகள் வடிவமைத்தார், பெண்கள் இயக்கங்களோடு வேலை செய்தார். 1984-இல் மும்பையில் நடந்த கிழக்கு–மேற்கு நடனச் சந்திப்பு அவரை மறுபடி நடனத்துக்கு இழுத்தது. அடுத்த ஆண்டு 'அங்கிகா' வந்தது.

அங்கிகாவில் கடவுளும் இல்லை, அரசனும் இல்லை, காத்திருக்கும் தலைவியும் இல்லை. அடவு, களரிப்பயிற்று, யோகம் மூன்றும் ஒரே மேடையில் வந்தன. கோயில் நகையும் அலங்காரமும் போனதால் உடலின் கோடு முதன்முறையாகக் கண்ணில் பட்டது. எங்கள் ஊர் ரசிகர்கள் சிலருக்கு இது அரைகுறையாகத் தெரிந்தது. "நகை போடாம வந்துட்டாளே" என்ற முணுமுணுப்பு நடன வட்டாரத்தில் வெகுநாள் இருந்தது. எங்களைப் போன்றவர்களுக்கோ, தினமும் வகுப்பில் செய்கிற அடவு மேடையில் அடவாகவே வந்து நின்றது பெரிய விடுதலையாக இருந்தது. அரைமண்டி நாட்டியத்தின் தொடக்க நிலை என்பதைத் தாண்டி, அதுவே தனியாகப் பேசக்கூடிய ஒரு வாக்கியம் என்று அங்கேதான் தெரிந்தது.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் வந்த 'ஸ்ரீ', பெண்ணின் முதுகெலும்பைப் பற்றியது. கூன் விழுந்த முதுகோடு பெண்கள் தாழ்ந்து தாழ்ந்து நகர்ந்து வருகிறார்கள். கதை சொல்ல ஒரு பாட்டும் இல்லை. எந்த ஆண் அடித்தான், எந்த மாமியார் திட்டினாள் என்ற விவரமும் இல்லை. பல நூற்றாண்டு அடக்குமுறை ஒரு முதுகில் எப்படிப் படியும் என்பது மட்டும் தெரிகிறது. பிறகு அந்த முதுகுகள் மெல்ல நிமிர்கின்றன. முடிவில் பல கைகள் கொண்ட ஒரே உருவமாகப் பெண்கள் எழுந்து நிற்கிறார்கள். பத்துக் கைத் தேவியை நாங்களும் மேடையில் ஆயிரம் தடவை காட்டியிருக்கிறோம், முத்திரையால். முத்திரையில் அவள் வெளியிலிருந்து வருகிறவள். இங்கே குனிந்திருந்தவர்களே சேர்ந்து அவளாகிறார்கள்.

2001-இல் வந்த 'சரீரா' அவருடைய கடைசிப் படைப்பு. பெசன்ட் நகரில் எலியட்ஸ் கடற்கரைச் சாலையிலுள்ள அவர் வீட்டு வளாகத்தில் 'ஸ்பேசஸ்' என்ற திறந்த அரங்கு உண்டு. சரீராவை அங்கே பார்த்தேன். குந்தேச்சா சகோதரர்களின் துருபத் இசை. மேடையில் ஒரு பெண், ஓர் ஆண். அந்தப் பெண்ணின் பாத்திரத்தைப் பல ஆண்டுகள் ஏற்று ஆடிய திஷானி தோஷி ஒரு கவிஞர். நாட்டியக்காரியாக வளர்ந்தவர் இல்லை. உடன் ஆடிய ஷாஜி ஜான் களரிக்காரர்.

தொழில்காரியின் கண்ணோடு பார்த்தவளுக்கு என்ன தெரிந்தது என்று சொல்கிறேன். முதலில் வேகம். அந்தப் பெண்ணின் தொடைகள் திறக்க எடுத்துக்கொண்ட நேரத்தில் நாங்கள் ஒரு ஜதிஸ்வரத்தைப் பாதி ஆடி முடித்திருப்போம். வேகமான அசைவில் உடல் தன் பலவீனத்தை மறைத்துவிடும். மெதுவான அசைவில் எதையும் மறைக்க முடியாது. நடுங்கும் தசை நடுங்குவதாகவே தெரியும். இரண்டாவது கண். அவர் எங்களைப் பார்க்கவே இல்லை. சிரிக்கவும் இல்லை, அழைக்கவும் இல்லை. பார்வையாளரைப் பார்த்துப் புன்னகைத்தே பழகிய எங்கள் மரபில் இது எவ்வளவு பெரிய மறுப்பு என்பது ஆடுகிறவர்களுக்குத்தான் முழுதாகப் புரியும். மூன்றாவது மூச்சு. பரதநாட்டியத்தில் மூச்சு வாங்குவது வெளியே தெரியக் கூடாது. சரீராவில் மூச்சுதான் தாளம். பெண்ணின் காமம் அந்த மேடையில் யாருக்கும் பரிமாறப்படவில்லை. அது அவளுடையதாக இருந்தது, நாங்கள் பார்க்க அனுமதிக்கப்பட்டிருந்தோம். பக்கத்தில் உட்கார்ந்திருந்த சிலர் நெளிந்தார்கள். சினிமாப் பாட்டில் இடுப்பைப் பார்த்து நெளியாத கூட்டம்தான் அது.

அதன்பிறகு ஒரு களரி ஆசானிடம் சில காலம் கற்றேன். அங்கே எனக்குப் பிடிபட்டது ஒன்று: களரியில் கை எதிராளியை நோக்கி நீள்கிறது, அபிநயத்தில் கை ரசிகரை நோக்கி நீள்கிறது. களரியில் கண் அடுத்த அடியை எதிர்பார்த்து விழித்திருக்கிறது; நாட்டியத்தில் கண் 'என்னைப் பார்' என்கிறது. திரும்பி வந்து தட்டடவு போட்டபோது உடல் வேறாக இருந்தது. எடை கீழே இறங்கியிருந்தது. மார்பைத் தூக்கி நிறுத்தியே பழகிய முதுகு தளர்ந்து நேரானது. அடவு அதே அடவுதான்.

சந்திரலேகா 2006-இன் கடைசியில் காலமானார். அவர் குழுவில் ஆடிய பத்மினி செட்டூர் போன்றவர்கள் அந்த வழியில் தங்கள் தங்கள் பாதையில் இன்னும் வெகுதூரம் போயிருக்கிறார்கள்.

சந்திரலேகாவோடு எல்லாம் தொடங்கியது என்று எழுதினால் அது பெரிய அநியாயம். எங்கள் நடனத்தை உடலில் சுமந்து வந்தவர்கள் கோயிலிலும் அரண்மனையிலும் ஆடிய தேவதாசிப் பெண்கள். பதினெட்டாம் நூற்றாண்டில் தஞ்சாவூர் மராட்டிய அரசவையைச் சேர்ந்த முத்துப்பழனி தெலுங்கில் 'ராதிகா சாந்தவனமு' எழுதினார். அதில் ஆசையைச் சொல்கிறவள் பெண், இன்பத்தைக் கேட்கிறவளும் பெண். 1910-இல் பெங்களூர் நாகரத்தினம்மாள் அதை முழுமையாகப் பதிப்பித்தார். மறு ஆண்டே ஆபாசம் என்று ஆங்கிலேய அரசு அதன்மீது பாய்ந்தது. தடை நீங்க 1940கள் வரை ஆனது. திருவையாற்றில் தியாகராஜரின் சமாதியைக் கட்டி எழுப்பியவரும் இதே நாகரத்தினம்மாள்தான்.

1935-இல் ருக்மிணி தேவி அடையாறில் ஆடினார். அடுத்த ஆண்டு அவருடைய நடனப் பள்ளியான கலாக்ஷேத்ரா தொடங்கியது. 'நல்ல குடும்பத்து' பெண்களும் ஆடலாம் என்ற நிலை வந்தது. அதற்காக நடனத்திலிருந்து சிருங்காரத்தின் சூட்டைத் தணிக்க வேண்டும் என்று அவர் கருதினார். நடனக் கலைஞர் பாலசரஸ்வதி ஒப்பவில்லை. சிருங்காரம்தான் உயிர், அதைச் சுத்தப்படுத்த ஒன்றுமில்லை என்று கடைசிவரை வாதாடினார். 1975-இல் தமிழ் இசைச் சங்க மேடையில் ஆற்றிய தலைமையுரையிலும் அதைச் சொன்னார். இரண்டு பேருக்கும் கற்றுக்கொடுத்தவர் மயிலாப்பூர் கௌரி அம்மாள். ஒரே ஆசிரியையிடமிருந்து பெண்ணுடலைப் பற்றிய இரண்டு எதிர்க் கட்சிகள் பிறந்தன.

இதற்கு நடுவே 1947-இல் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வந்தது. அதைக் கேட்டவர்களில் முத்துலட்சுமி ரெட்டி மட்டும் இல்லை. அதே சமூகத்தில் துன்பப்பட்ட மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரும் இருந்தார். அவர் 1936-இல் வெளியிட்ட 'தாசிகள் மோசவலை' நாவலைப் படித்தவர்கள் பழைய ஏற்பாட்டைக் கனவாக்கிப் பேச மாட்டார்கள். சட்டம் சுரண்டலை நிறுத்தியது. ஆடும் உரிமை அந்தப் பெண்களிடமிருந்து கைமாறிப் போனதும் அதே காலத்தில்தான். என் குடும்பத்தைப் போன்ற குடும்பங்களின் பெண்களுக்கு அது வந்து சேர்ந்தது. இன்று இசை வேளாளர் மரபில் வந்த நிருத்யா பிள்ளை இதை மேடையிலேயே கேட்கிறார்: எங்கள் பாட்டிகளின் உடலைப் பழித்துவிட்டு அந்த உடலின் கலையை மட்டும் எடுத்துக்கொண்டது எப்படி? இந்தக் கேள்வியைத் தாண்டிக் குதித்துவிட்டு 'உடலே என் உரிமை' என்று மேல்சாதி ஆட்டக்காரி பேசினால் அதில் பாதி உண்மைதான் இருக்கும். எந்தப் பெண்ணின் உடல், யாருடைய தயவில் மரியாதை பெற்றது என்பதையும் சேர்த்தே பேச வேண்டும்.

ஆடை களைவதைப் பற்றிப் பிறகு சொல்கிறேன் என்றேன். மூத்த மாணவி ஒருத்தி கேட்டாள்: "அக்கா, உடம்பால எதிர்ப்புக் காட்டணும்னா துணியைக் கழட்டித்தான் ஆகணுமா?"

"தேவைப்பட்டவங்க கழட்டியிருக்காங்க. அதுக்கு அவங்க என்ன வேலை செஞ்சாங்கன்னு முதல்ல பாரு" என்றேன்.

அவளுக்கு மணிப்பூரின் நாடக நடிகை ஹெய்ஸ்னம் சபித்ரியைப் பற்றிச் சொன்னேன். மகாசுவேதா தேவியின் 'திரௌபதி' கதையில் பழங்குடிப் பெண் தோப்தியைப் படையினர் பிடித்துச் சிதைக்கிறார்கள். அவள் ஆடையை மறுத்துவிட்டு படை அதிகாரியின் முன்னால் அப்படியே போய் நிற்கிறாள். சபித்ரியின் கணவர் கன்ஹைலால் 2000-இல் அதை இம்பாலில் நாடகமாக்கினார். நடுவயதைக் கடந்த சபித்ரி இறுதிக் காட்சியில் ஆடையின்றி நின்றார். ஊரில் கடும் எதிர்ப்பு எழுந்தது. நான்கு ஆண்டுகள் கழிந்தன. 2004 ஜூலையில் மனோரமா என்ற பெண் பாதுகாப்புப் படையினரின் காவலில் கொல்லப்பட்டார். ஜூலை 15 அன்று தாய்மார் 12 பேர் கங்லா கோட்டை வாசலில், அசாம் ரைபிள்ஸ் தலைமையகத்தின் முன் ஆடையைக் களைந்து நின்று கூவினார்கள். அந்த ஆண்டு முடிவதற்குள் படை கங்லாவைக் காலிசெய்தது. மேடையில் கூடாது என்ற ஊர், தெருவில் தன் தாய்மார்கள் அப்படி நிற்பதைப் பார்க்க நேர்ந்தது.

சபித்ரி அந்தக் கணத்துக்குத் திடீரென்று வந்துவிடவில்லை. சொல்லைக் குறைத்து, மூச்சையும் குரலையும் தசையையும் கொண்டு நடிக்கும் முறையைக் கணவரோடு பல பத்தாண்டுகள் பழகியவர். அதனால்தான் அங்கே நின்றது வெறும் அம்மணமாகத் தெரியவில்லை. "பயிற்சியில்லாம துணியை மட்டும் எடுத்தா, பாக்குறவன் பழைய கண்ணாலதான் பாப்பான்" என்றேன். மாணவி ஒப்புக்கொள்ளவில்லை, தெருவில் நின்ற தாய்மார் எந்த நாடகப் பயிற்சி எடுத்தார்கள் என்று திருப்பிக் கேட்டாள். நியாயமான கேள்வி. அவர்களுக்கு இழப்பும் கோபமும் பயிற்சியாக இருந்தன. மேடைக்காரிக்கு அந்த வலுவைப் பயிற்சிதான் தர வேண்டும்.

என் சொந்த வேலையில் நான் செய்து பார்த்த ஒன்றைச் சொல்ல வேண்டும். ஐம்பதைத் தாண்டிய மூன்று பெண்களை வைத்து, 'உட்காருதல்' என்று ஒரு சிறு நிகழ்ச்சி அமைத்தேன். ஒருவர் வங்கியில் ஓய்வு பெற்றவர், ஒருவர் என் தெருவில் இட்லிக் கடை நடத்துகிறவர், ஒருவர் பழைய மாணவியின் அம்மா. அப்பா முன்னால் எப்படி உட்கார்ந்தீர்கள், மாமியார் வீட்டில் முதல் நாள், பஸ்ஸில் பக்கத்தில் ஆண் வந்து உட்கார்ந்தால், பிரசவ வார்டில், துக்க வீட்டில் – இப்படிக் கேட்டுக் கேட்டு அவர்கள் உடல் காட்டியதை மட்டும் கோத்தேன். வசனம் கிடையாது.

முதல் ஒத்திகையில் ஒரு வேடிக்கை. இட்லிக் கடை அக்கா முழுமண்டியில் இறங்கி, குதிகால் தூக்காமல், பேசிக்கொண்டே இருந்தார். என் இருபது வயது மாணவிகள் அந்த இடுப்பைப் பார்த்து வாயடைத்துப் போனார்கள். காலமெல்லாம் அடுப்படியில் குந்தி உட்கார்ந்த மூட்டு அது. முப்பது வருடம் நாற்காலியில் வேலை பார்த்த வங்கி அம்மாவால் பாதி தூரம்கூட இறங்க முடியவில்லை. நாங்கள் வருடக்கணக்கில் பணம் கொடுத்துத் தேடுகிற திறந்த இடுப்பு, உழைக்கிற பெண்களிடம் சும்மா இருக்கிறது. அதற்கு யாரும் கலை என்று பெயர் வைக்கவில்லை. நிகழ்ச்சியில் அவர் குந்தி உட்கார்ந்து எழுவதையே மையமாக வைத்தேன். அவருக்கு மேக்கப் போடவில்லை. "எனக்குப் பவுடராச்சும் போடுங்கம்மா" என்று அவர் கேட்டபோது, போட்டுக்கொள்ளுங்கள் என்றேன். அலங்காரம் வேண்டாம் என்பது என் கொள்கை. அவர் முகத்தின்மேல் அதைத் திணிக்க எனக்கு அதிகாரம் இல்லை.

பார்க்க வந்த சபாக்காரர் ஒருவர், "நல்லா இருக்கும்மா, ஆனா இது டான்ஸா?" என்றார். மேடை கொடுக்கவில்லை. ஒரு பள்ளிக்கூட ஹாலிலும் ஒரு மகளிர் குழுக் கூட்டத்திலும் செய்தோம். மகளிர் குழுவில் யாரும் 'இது டான்ஸா' என்று கேட்கவில்லை. அடுத்த முறை தங்களையும் சேர்த்துக்கொள்ளச் சொன்னார்கள்.

வயதான உடல் மேடைக்கு வரலாமா என்ற கேள்விக்குப் பதில் ஏற்கெனவே இருக்கிறது. சத்யஜித் ராய் 1976-இல் எடுத்த 'பாலா' ஆவணப்படத்தில், கடற்கரைக் காற்றில் பாலசரஸ்வதி 'கிருஷ்ணா நீ பேகனே' ஆடுகிறார். வயது ஐம்பத்தெட்டு ஆகிவிட்டது, உடல் கனத்துவிட்டது. அந்தக் கை ஒரு குழந்தையைக் கூப்பிடும்போது இடுப்பின் அளவை யாரும் கவனிப்பதில்லை.

வகுப்பறையைப் பற்றிப் பேசாமல் இதை முடிக்க முடியாது. மேடையில் விடுதலை பேசிவிட்டு வகுப்பில் பிள்ளையின் உடலை நம் சொத்தாக நடத்தினால் எல்லாம் வீண். 2018-இல் மீ டூ புகார்கள் எழுந்தபோது மியூசிக் அகாடமி அந்த ஆண்டு சீசனிலிருந்து ஏழு கலைஞர்களை நீக்கியது. 2023-இல் கலாக்ஷேத்ரா மாணவிகளும் மாணவர்களும் பாலியல் தொந்தரவுக்கு எதிராக வளாகத்தில் தரையில் உட்கார்ந்து போராடினார்கள். அரைமண்டியில் உட்காரக் கற்றவர்கள் தரையில் உட்கார்ந்து நியாயம் கேட்டதை, கலைக்குக் களங்கம் என்று வருத்தப்பட்டவர்கள் இருந்தார்கள். எனக்கு அது நல்ல பயிற்சியின் அடையாளமாகப் பட்டது.

அதற்கு முன்பே என் வகுப்பில் ஒரு பழக்கத்தை மாற்றிக்கொண்டிருந்தோம். முதுகையோ முட்டியையோ திருத்த வேண்டுமானால் தட்டுக்கழியால் காட்டுவேன், அல்லது என் உடலில் செய்து காட்டுவேன். தொட்டுத்தான் ஆக வேண்டும் என்றால், "தொடட்டுமா?" என்று கேட்பேன். ஆறு வயதுப் பிள்ளையும் வேண்டாம் என்று சொல்லலாம். மாதவிலக்கு நாளில் வருவதும் வராததும் அவள் இஷ்டம். சலங்கையைத் தொடக் கூடாது என்று என் கொட்டகையில் ஒரு விதியும் இல்லை. எடை போடும் மிஷின் கிடையாது. இதனால் ஒழுக்கம் கெட்டுவிடும் என்றார்கள் சில பெற்றோர். கெடவில்லை. 'வேண்டாம்' என்று சொல்லத் தெரிந்த பிள்ளையின் அரைமண்டி இன்னும் நன்றாக இறங்குகிறது. பயந்த இடுப்பு திறப்பதில்லை.

கடைசியாக, பிள்ளைகளை நடனத்துக்கு அனுப்பும் பெற்றோரிடம் ஒரு வேண்டுகோள். அரங்கேற்றத்துக்கு மண்டபம், பட்டு, நகை, விருந்து, வீடியோ என்று லட்சக்கணக்கில் செலவழிக்கிறீர்கள். சேர்க்கும் முன் காசு செலவில்லாத சில காரியங்களைச் செய்யுங்கள். வகுப்பின் தரையை மிதித்துப் பாருங்கள். அடியில் மண்ணோ மரமோ இல்லாத வெறும் கான்கிரீட் என்றால் ஆசிரியரிடம் காரணம் கேளுங்கள். திருத்தும்போது எப்படித் தொடுகிறார் என்று கவனியுங்கள். கறுத்த பிள்ளையும் பருத்த பிள்ளையும் முதல் வரிசையில் நிற்கிறார்களா என்று பாருங்கள். வீட்டுக்கு வந்த பிறகு, "காலைச் சேர்த்து உட்காரு" என்று சொல்வதை நிறுத்துங்கள். நாங்கள் வகுப்பில் ஒரு மணி நேரம் விரிப்பதை நீங்கள் வீட்டில் இருபத்து மூன்று மணி நேரம் மடக்கி வைத்தால், உங்கள் மகளுக்கு நடனமும் வராது, நிமிர்ந்த முதுகும் வராது.